பாடமாக வந்த நாடகம்

1891ஆம் வருஷம் தமிழ் நாடகத்தில் இரண்டு காரியங்கள் நடந்தன. திருவனந்தபுரத்தில் தத்துவப் பேராசிரியராக இருந்த பெ. சுந்தரம் பிள்ளையின் 'மனோன்மணீயம்' வெளியாயிற்று. சென்னையில் பம்மல் சம்பந்த முதலியாரும் நண்பர்களும் சுகுண விலாச சபையைத் தொடங்கினார்கள். இரண்டுக்கும் பின்னணியில் இருந்தது ஆங்கிலப் படிப்பு. ஆனால் ஒன்று படிக்க எழுதப்பட்டது, மற்றது ஆடத் தொடங்கியது. நம் இலக்கிய வரலாற்றுக்காரர்கள் இரண்டையும் 'மேனாட்டுத் தாக்கம்' என்ற ஒரே பெட்டியில் போட்டு மூடிவிட்டு அடுத்த அத்தியாயத்துக்குப் போய்விடுகிறார்கள்.

ஆங்கில இலக்கியம் நமக்குப் பரீட்சையாக வந்தது. சென்னைப் பல்கலைக்கழகம் 1857இல் ஏற்பட்டது. அதன் பட்டத்துக்கு ஷேக்ஸ்பியரைப் படித்தாக வேண்டும். ஆக்ஸ்போர்டில் ஆங்கில இலக்கியம் தனிப் பட்டப் படிப்பாக அமைந்ததோ 1894இல்தான். கேம்பிரிட்ஜில் 1917. தன் நாட்டுப் பெரிய பல்கலைக்கழகங்களில் பாடமாவதற்கு முன்பே அந்த இலக்கியம் இங்கே பாடமாகிவிட்டது. மதத்தை நேராகப் போதிக்கத் தயங்கிய ஆட்சி அந்த வேலையை இலக்கியத்திடம் ஒப்படைத்தது என்று கௌரி விஸ்வநாதன் 1989இல் வந்த தம் புத்தகத்தில் விரிவாகக் காட்டியிருக்கிறார். அதைத் திருப்பிச் சொல்ல வேண்டியதில்லை. இந்த ஏற்பாட்டில் நாடகம் என்ன ஆயிற்று என்பதுதான் என் கவலை.

சென்னை கிறிஸ்தவக் கல்லூரியின் வில்லியம் மில்லர் 1900ஐ ஒட்டி ஷேக்ஸ்பியரைப் பற்றி வரிசையாகப் புத்தகங்கள் போட்டார். லியர் அரசனும் இந்திய அரசியலும் என்று ஒன்று. மாக்பெத்தும் ஆன்மாக்களின் நாசமும் என்று இன்னொன்று. மில்லர் பெரிய ஆசிரியர், அதில் சந்தேகமில்லை. ஆனால் தலைப்புகளே சொல்லிவிடுகின்றன: மேடை இறங்கிப் பிரசங்க பீடம் ஏறிவிட்டது.

அந்தக் கல்லூரியில் படித்து அங்கேயே தமிழ் சொல்லிக்கொடுத்தவர் வி. கோ. சூரியநாராயண சாஸ்திரி. நான் இருக்கும் வில்லாபுரத்திலிருந்து திருப்பரங்குன்றத்தைத் தாண்டிப் போனால் விளாச்சேரி. கொலு பொம்மை செய்கிற ஊர் என்றால் மதுரைக்காரர்களுக்குத் தெரியும். அங்கே 1870இல் பிறந்தவர். பரிதிமாற் கலைஞன் என்று பெயரைத் தமிழாக்கிக்கொண்டதை எல்லோரும் மேடையில் சொல்கிறார்கள். 1897இல் 'நாடகவியல்' எழுதியதை யாரும் சொல்வதில்லை. சமஸ்கிருத நாடக மரபையும் ஆங்கில நாடக மரபையும் சேர்த்து அவர் நாடகத்துக்குச் செய்யுளிலேயே ஓர் இலக்கணம் செய்தார். 'ரூபாவதி', 'கலாவதி', 'மானவிஜயம்' என்று நாடகங்களும் எழுதினார். 1903இல் இறந்தபோது முப்பத்து மூன்று வயது, என்னைவிடச் சின்னவர். அந்த வயதில் அந்த உழைப்பு மலைப்பைத் தருகிறது. இருந்தாலும் ஒன்றைச் சொல்லத்தான் வேண்டும். இலக்கணத்தைக் கையில் வைத்துக்கொண்டு நாடகத்துக்காகக் காத்திருந்தவர் அவர். ஷேக்ஸ்பியரிடம் அப்படி ஓர் இலக்கணம் இருந்ததில்லை. அவரிடம் இருந்தது ஒரு கம்பெனி.

'மனோன்மணீய'த்தின் நிலையும் வேறல்ல. லிட்டனின் ஒரு கதைப் பாட்டிலிருந்து கரு. ஜீவக பாண்டியன் மந்திரி குடிலனின் பேச்சைக் கேட்டு மதுரையை விட்டுத் திருநெல்வேலியில் கோட்டை கட்டுகிறான். ஐந்து அங்கம், பெரும்பாலும் ஆசிரியப்பா. 1970இலிருந்து அதன் வாழ்த்துப் பாட்டுக்கு எழுந்து நிற்கிறோம். அடுத்த பக்கத்தைப் புரட்டியவர்கள் எத்தனை பேர்? ஆங்கில வகுப்பில் நாடகம் என்பது நாற்காலியில் உட்கார்ந்து அடிக்கோடிடுகிற புத்தகம். சுந்தரம் பிள்ளை அந்தப் புத்தகத்தின் தமிழ் வடிவத்தை மிகுந்த திறமையோடு எழுதினார். அவ்வளவுதான்.

சம்பந்த முதலியார் இதிலிருந்து தப்பியதற்குக் காரணம், ஷேக்ஸ்பியரைப் படித்ததோடு நிற்காமல் பல்லாரியிலிருந்து வந்த தெலுங்குக் குழுவின் நாடகங்களைப் பார்த்தது. 'ஹாம்லெட்' அவர் கையில் 'அமலாதித்தன்' ஆயிற்று, 'மாக்பெத்' 'மகபதி' ஆயிற்று. ஆனாலும் அது கனவான்களின் சபை. வக்கீல்கள், உத்தியோகஸ்தர்கள், மாலை நேரத்து நாடகம்.

எலிசபெத் காலத்து மேடையோடு உண்மையில் ஒப்பிடக்கூடியது மதுரையில் இருந்தது, அதை ஆங்கிலம் படித்தவர்கள் கூத்தாடித் தொழில் என்று ஒதுக்கிவிட்டார்கள். சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் இங்கே தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை ஏற்படுத்தினார். பெண் வேஷமும் பையன்களுக்கே. லண்டனிலும் அப்படித்தான். நடித்துப் பழகியவர் கம்பெனிக்காக எழுதினார். ஷேக்ஸ்பியரும் கம்பெனியில் நடிகர், பங்குதாரர். 'அபிமன்யு சுந்தரி'யை ஒரே இரவில் எழுதி முடித்தார் என்று அந்த சபையில் சிறுவனாகச் சேர்ந்த தி. க. சண்முகம் பதிவு செய்திருக்கிறார். பேராசிரியர்கள் இதை ஒரு குறையாகச் சொல்லக்கூடும். கம்பெனிக்கு நாளைக்கு நாடகம் வேண்டும் என்றால் எழுதுகிறவன் அப்படித்தான் எழுதுவான். 'பாடம்' என்ற சொல்லுக்கு அங்கே பொருளும் வேறு: ஒருவன் மனப்பாடம் பண்ணி மேடையில் பேச வேண்டிய பங்கு. லண்டன் நடிகனுக்கும் முழு நாடகம் தரப்படவில்லை. அவன் பங்கும் முன்னவன் பேச்சின் கடைசிச் சொற்களும் எழுதிய தாள்தான். நான் பி.ஏ. ஆங்கிலம் படித்த மூன்று வருஷத்தில் இதை யாரும் வகுப்பில் சொன்னதில்லை. பாத்திரப் படைப்பு பற்றிப் பத்து மதிப்பெண்ணுக்கு எழுதினோம்.

ஷேக்ஸ்பியர் இறந்து ஏழு வருஷம் கழித்து, 1623இல், அவரோடு நடித்த இரண்டு பேர் நாடகங்களைத் திரட்டி அச்சுக்குக் கொடுத்தார்கள். சுவாமிகள் 1922இல் மறைந்தார். அவர் நாடகங்களில் பல கிடைக்காமலே போயின. பையன்கள் வேறு கம்பெனிகளுக்கும் பிறகு சினிமாவுக்கும் போனார்கள்.

ஆனால் அந்த மரபு அறுந்துவிடவில்லை. மதுரையைச் சுற்றிய கிராமங்களில் திருவிழாவுக்கு இன்றும் ஸ்பெஷல் நாடகம் நடக்கிறது. ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன் எல்லோரும் தனித்தனியாகப் பேசி வரவழைக்கப்படுகிறவர்கள். ஒத்திகை கிடையாது; மேடையில்தான் சந்திக்கிறார்கள். 'வள்ளி திருமண'த்தில் வள்ளிக்கும் நாரதருக்கும் தர்க்கம் நள்ளிரவு தாண்டியும் போகும். எதிராளி என்ன கேட்பான் என்பது முன்கூட்டித் தெரியாது, ஆனால் கதை தெரியும், பாட்டு தெரியும், ராகம் தெரியும். இந்த நடிகர்களைப் பற்றி 2005இல் விரிவான ஒரு புத்தகம் வந்தது. எழுதியவர் சூசன் சைசர், அமெரிக்க மானிடவியலாளர்.