குவாய் பாலம்: பெயரில்லாமல் போனவர்கள்

பாங்கொக்கிலிருந்து ஒருநாள் சுற்றுலா போனோம். காலையில் டம்னோன் சடுவாக் மிதக்கும் சந்தை: வள்ளத்திலேயே அடுப்பு, வள்ளத்திலேயே வியாபாரம். அந்த வாய்க்கால் சேருகிற மெக்லோங் ஆற்றோடே மேல போனால் காஞ்சனபுரி, குவாய் பாலம். வழிகாட்டி ஹொலிவூட் படத்தைப் பற்றித்தான் கூடக் கதைச்சார். அந்தப் படம் எடுத்தது எங்கட கித்துல்கலயில!

1942–43இல் ஜப்பானிய இராணுவம் போடுவித்த 415 கிலோமீற்றர் ரயில்பாதை இது. இறந்த போர்க்கைதிகள் 12,000க்கு மேல். ஆசியத் தொழிலாளர் ஏறத்தாழ 90,000 என்று மதிப்பிடுகிறார்கள். அதில் மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுபோன தமிழர் பெருந்தொகை. கைதிகளுக்கு வரிசை வரிசையாகப் பெயர் வெட்டிய கல்லறைகள். எங்கட ஆக்களில் பெரும்பாலானோருக்கு ஒரு பெயர்ப்பலகைகூட இல்லை. பாலத்தில நிண்டு செல்ஃபி எடுக்கிறது சரி. இந்தப் பாதைக்கு உயிர் குடுத்த ஆக்களையும் தெரிஞ்சுகொண்டு எடுப்பம்.