கட்டங்களும் காத்திருப்பும்

சித்திரக்கதையில் இடம்தான் நேரம். ஒரு கட்டத்திலிருந்து அடுத்த கட்டத்துக்குக் கண் தாவும்போது ஒரு நொடியும் கழியலாம், பத்து வருடமும் கழியலாம். எதை நீட்டுவது, எதைத் தாண்டுவது என்று முடிவு செய்பவர் வரலாற்றையும் முடிவு செய்கிறார்.

அமர் சித்திரக் கதை வரிசையில் 1979இல் பாபாசாகேப் அம்பேத்கர் பற்றிய புத்தகம் வந்தது. வழக்கமான 32 பக்கம். பிறப்பு முதல் அதற்குள் அடங்க வேண்டும். அந்த வேகத்தில் அவமானம் என்பது நாயகன் ஏறிக் கடக்கும் படிக்கட்டாகச் சுருங்கிவிடுகிறது.

ஆனால் அம்பேத்கருடைய நினைவுக் குறிப்புகளின் தலைப்பே ‘விசாவுக்காகக் காத்திருத்தல்’. 1901ஆம் ஆண்டுப் பயணத்தை எண்ணிப் பாருங்கள். அப்பா வேலை பார்க்கும் ஊருக்குப் போக, சிறுவர் நால்வர் மசூர் ரயில் நிலையத்தில் இறங்குகிறார்கள். மகார் பிள்ளைகள் என்று தெரிந்ததும் வண்டிக்காரர்கள் ஏற்ற மறுக்கிறார்கள். கடைசியில் இரட்டிப்பு வாடகை கொடுத்து, பிள்ளைகளே வண்டி ஓட்டுகிறார்கள். வண்டிக்காரர் கூடவே நடந்து வருகிறார். இரவு சுங்கச்சாவடி அருகே தங்கல். கூடையில் சாப்பாடு இருக்கிறது, குடிக்கத் தண்ணீர் கிடைக்கவில்லை. அதனால் சாப்பிடாமலே படுக்கிறார்கள். இதில் நடப்பது கொஞ்சம், காத்துக் கிடப்பதே அதிகம். தீண்டாமை நம் நேரத்தையும் பிடுங்குகிறது.

இதைப் படமாக்குவது எப்படி? 2011இல் நவயானா வெளியிட்ட ‘பீமாயணா’ ஒரு வழி கண்டது. எழுத்து ஸ்ரீவித்யா நடராஜனும் எஸ். ஆனந்தும். வரைந்தவர்கள் மத்தியப் பிரதேசத்தின் பர்தான் கோண்டு ஓவியர்கள் துர்காபாய் வியாம், சுபாஷ் வியாம். மனிதர்களைப் பெட்டிக்குள் அடைக்க அவர்கள் சம்மதிக்கவில்லை. கட்டங்கள் இல்லாத பக்கத்தில் எங்கே தொடங்குவது என்று கண் தேடுகிறது. விறுவிறுவெனப் புரட்ட முடியாது. தாகத்தில் தவிக்கும் சிறுவன் பீமின் உடல் மீனாகிறது. ரயில் பாம்பாகிறது. இதமான பேச்சுக்குப் பறவை வடிவக் குமிழ், நஞ்சு கக்கும் பேச்சுக்குத் தேள்கொடுக்கு முளைத்த குமிழ். ஆதிவாசிக் கைகள் தலித் கதையைத் தம் மொழியிலேயே சொல்கின்றன என்பதும் சின்ன விஷயமல்ல.

இன்றைய பேருந்து நிறுத்தத்தில் இருவர் இடஒதுக்கீடு பற்றிப் பேசும் இணைப்புக் கதை மட்டும் எனக்கு ஒட்டவில்லை. அங்கே ஓவியம் ஒதுங்கிச் சொற்பொழிவு தொடங்கிவிடுகிறது. (மேடையில் நின்று நான் இதைச் சொல்வது வேடிக்கைதான்.) ஆனாலும் 2006இன் கயர்லாஞ்சி வரை வரும் கொடுமைகளை அந்தப் பேச்சுதான் கதைக்குள் கொண்டுவருகிறது.

தண்ணீர்ப் பகுதியில் 1901க்குப் பிறகு 1927 வருகிறது: மகாத், சவுதார் குளம். இடையில் 26 ஆண்டுகள். சிறுவனோடு தாகத்தில் சில பக்கங்கள் தங்கிய பிறகுதான் வாசகர் அந்தக் குளத்தங்கரைக்கு வந்து சேர்கிறார்.