பிரைவசி என்றால் ரகசியமா, உரிமையா? பாறசாலை எல்லையில் மூன்று மொழிகளில் ஒரு சொல்

பாறசாலையிலிருந்து நெடுஞ்சாலையில் தெற்கே போனால் இஞ்சிவிளை வரும். அதைத் தாண்டினால் களியக்காவிளை. கேரளம் முடிந்து தமிழ்நாடு தொடங்கிவிட்டது என்பதைக் கடைப் பலகைகளின் எழுத்து மாறுவதை வைத்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். 1956 நவம்பர் 1 அன்று மாநிலங்கள் பிரிக்கப்பட்டபோது தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய தாலுகாக்கள் தமிழகத்தோடு வந்தன. நெய்யாற்றின்கரை தாலுகா கேரளத்திலேயே தங்கியது. அண்ணன் வீடு அந்தப் பக்கம், தங்கச்சி வீடு இந்தப் பக்கம் என்று வாழும் குடும்பங்கள் இங்கே சாதாரணம்.

அண்ணன் ஒரு சான்றிதழுக்காக அக்ஷயா மையத்துக்குப் போவார். தங்கை இ-சேவை மையத்துக்குப் போவார். இரண்டு இடத்திலும் ஆதார் நகல் கேட்பார்கள், "ஓடிபி வந்திருக்கா, சொல்லுங்க" என்பார்கள். கைபேசியில் எந்தச் செயலியைத் திறந்தாலும் ஒரு பக்கம் வந்து நிற்கும். ஆங்கிலத்தில் வைத்திருந்தால் அதன் பெயர் பிரைவசி பாலிசி. தமிழில் தனியுரிமைக் கொள்கை. மலையாளத்தில் ஸ்வகார்யதா நயம்.

மூன்றும் ஒன்றுதானே என்று நினைப்போம். ஆனால் இரண்டு மொழியும் பேசும் இந்த ஊர்க்காரர்களுக்கு அந்த மூன்று சொற்களும் ஒரே பொருளைத் தருவதில்லை. சரி, பிரைவசி என்றால் உண்மையில் என்னதான் பொருள்?

ஆங்கிலத்தில் அது எப்படி வந்தது?

முதலில் உச்சரிப்பு. நம்மில் பெரும்பாலோர் 'பிரைவசி' என்கிறோம். அது அமெரிக்க வழக்கம். பிரிட்டனில் 'ப்ரிவசி' என்பதே அதிகம். இரண்டுமே சரிதான்.

இதன் வேர் லத்தீன் மொழியில் 'ப்ரிவாட்டுஸ்' என்ற சொல். பொதுப் பதவி எதிலும் இல்லாத சாதாரண ஆள் என்பது அதன் பொருள். அதற்கும் பின்னால் இருக்கும் வினைச்சொல் 'பறிப்பது', 'இல்லாமல் செய்வது' என்பதைக் குறிக்கும். ஆங்கிலத்தின் 'டிப்ரைவ்' என்ற சொல்லும் இதே குடும்பம்தான். அதாவது, இன்று நாம் பறிபோகக் கூடாது என்று காக்கும் ஒன்று, ஏதோ ஒன்று இல்லாத நிலையைச் சொல்லும் வேரிலிருந்து வந்திருக்கிறது. ராணுவத்தில் கடைநிலைச் சிப்பாயை 'பிரைவேட்' என்பதிலும் அந்தப் பழைய வாசனை உண்டு: பதவி எதுவும் இல்லாதவர்.

இதே வேரிலிருந்து 'பிரிவி' என்ற சொல்லும் வந்தது. மன்னருக்கு நெருக்கமானவர்களின் சபை பிரிவி கவுன்சில். திருவிதாங்கூர் அரச குடும்பம் உட்பட முன்னாள் அரசர்களுக்கு 1971 வரை இந்திய அரசு கொடுத்துவந்த மன்னர் மானியம் பிரிவி பர்ஸ். பழைய ஆங்கிலப் பேச்சில் வெறும் 'பிரிவி' என்றால் கழிப்பறை. சிரிக்க வேண்டாம். மலையாளத்தில் குளிக்கவும் ஒதுங்கவும் கட்டிய சிறு மறைவிடத்துக்கு 'மறப்புர' என்றுதானே பெயர்? இரண்டு மொழியும் ஒரே மாதிரி யோசித்திருக்கின்றன.

இலக்கணப்படி பிரைவசி எண்ண முடியாத பெயர்ச்சொல். தண்ணீர், மரியாதை மாதிரி. இரண்டு பிரைவசி, மூன்று பிரைவசி என்று பொதுவாகச் சொல்வதில்லை. 'கொஞ்சம் பிரைவசி வேணும்' என்று நாம் தமிழில் கலந்து பேசும்போதும் இந்த வழக்கத்தைத் தெரியாமலேயே பின்பற்றுகிறோம்.

கவனிக்க வேண்டியது, இந்தச் சொல்லோடு ஆங்கிலம் சேர்க்கும் வினைகளை. 'இன்வேட்' செய்வார்கள், 'இன்ட்ரூட்' செய்வார்கள். இரண்டும் அடுத்தவர் நிலத்துக்குள் நுழைவதற்கான சொற்கள். ரகசியத்தை வெளியிடுவார்கள், உடைப்பார்கள். பிரைவசிக்குள் அத்துமீறுவார்கள். வேலி போட்ட புரையிடம் போல ஒரு படம் அந்த மொழிக்குள் இருக்கிறது. உள்ளே ஒளித்து வைக்க ஒன்றுமே இல்லாவிட்டாலும் வேலி வேலிதான்.

ரகசியத்திலிருந்து எங்கே வேறுபடுகிறது?

'சீக்ரசி' என்றால் யாருக்கும் தெரியக்கூடாது. 'கான்ஃபிடென்ஷியாலிட்டி' என்றால் உங்கள் விஷயம் தெரிந்த டாக்டரோ வக்கீலோ அதை வெளியே சொல்லாமல் காக்கும் கடமை. பிரைவசி இரண்டும் இல்லை. உங்களைப் பற்றிய ஒன்று யாருக்கு, எப்போது, எந்த அளவுக்குத் தெரிய வேண்டும் என்பதை நீங்கள் முடிவு செய்யும் நிலை அது.

ஒரு பெண் கர்ப்பமாக இருக்கிறார். கணவருக்குத் தெரியும், ஆஷா பணியாளருக்குத் தெரியும், ஆஸ்பத்திரிக்குத் தெரியும். ஆறாம் மாதத்தில் ஊருக்கே தெரிந்துவிடும். இதில் ரகசியம் என்று எதுவும் இல்லை. ஆனால் முதலில் யாரிடம் சொல்வது, எப்போது சொல்வது என்பது அவருடைய முடிவு. லேப் ஊழியர் ஒருவர் ஸ்கேன் ரிப்போர்ட்டை வாட்ஸ்அப்பில் தெரிந்தவருக்கு அனுப்பிவிட்டால் அந்தப் பெண்ணிடமிருந்து பறிபோவது அந்த முடிவுதான். "எப்படியும் தெரியப்போகிற விஷயம்தானே" என்ற சமாதானம் அங்கே செல்லாது.

தமிழும் மலையாளமும் என்ன செய்தன?

தமிழில் இந்தச் சொல்லுக்கு நிலையான ஒரு பெயர் கிடைக்கவில்லை. 2017-ல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்தபோது பத்திரிகைகள் அந்தரங்க உரிமை, தனிமனித ரகசியம், தனியுரிமை என்று ஆளுக்கொன்றாக எழுதின. ஒவ்வொன்றிலும் ஒரு சிக்கல். அந்தரங்கம் என்றதும் நம் மனம் படுக்கையறைக்கோ 'அந்தரங்க வீடியோ' என்ற தலைப்புக்கோ போய்விடுகிறது. ரகசியம் என்றால், "தப்பு செய்யாதவனுக்கு மறைக்க என்ன இருக்கு?" என்ற கேள்வி உடனே வந்து நிற்கிறது. தனியுரிமையில் உரிமை இருக்கிறது, நல்லது. ஆனால் ஏகபோக உரிமை என்றும் அதைப் படிக்க முடியும். என் கணிப்பில் இருப்பதில் அதுவே தேவலை. பேச்சில் நாம் சொல்லும் 'அது என் சொந்த விஷயம்' என்பது இவை எல்லாவற்றையும்விட நெருக்கமானது. சட்டப் புத்தகத்தில்தான் அதற்கு இடமில்லை.

மலையாளத்தின் ஸ்வகார்யத கிட்டத்தட்ட அந்த 'சொந்த விஷயம்'தான். ஸ்வ என்றால் தன், கார்யம் என்றால் காரியம். ஆனால் அங்கேயும் ஒரு வழுக்கல் உண்டு. 'ஸ்வகார்யம் பறயுக' என்றால் காதோடு ரகசியம் சொல்வது. தனியார் பஸ்ஸும் 'ஸ்வகார்ய பஸ்'தான். தமிழ் தொழிலுக்குத் தனியார், ஆளுக்குத் தனிநபர் என்று பிரித்துவிட்டது. மலையாளம் ஒரே சொல்லில் இரண்டையும் ஓட்டுகிறது.

சொல் இல்லாததால் எண்ணமும் இல்லை என்று முடிவுகட்டிவிட வேண்டாம். அகப்பாடல்களில் தலைவன், தலைவி யாரென்று பெயர் சுட்டக்கூடாது என்பது தொல்காப்பிய விதி. இன்றைய தரவுத் துறை 'அடையாளம் நீக்குதல்' என்று சொல்வதை அன்றே இலக்கணமாக வைத்திருக்கிறார்கள். இருவரின் காதலை ஊர் பேசுவதற்கு 'அலர்' என்று தனிப் பெயர் உண்டு. திருக்குறளில் அதற்கு ஓர் அதிகாரமே இருக்கிறது. மீறலுக்குப் பெயர் வைத்த மொழி, மீறப்படுவதற்குப் பெயர் வைக்காமல் விட்டதுதான் விசித்திரம்.

இந்த மண்ணில் நடந்த உடல் சண்டை

தென்திருவிதாங்கூரில் 19-ம் நூற்றாண்டில் நடந்த தோள்சீலைப் போராட்டத்தைப் பிரைவசி என்ற பெயரில் யாரும் படிப்பதில்லை. சாதிக் கொடுமைக்கு எதிரான போராட்டம் என்றே படிக்கிறோம், அது சரியும்கூட. ஆனாலும் யோசித்துப் பாருங்கள். நாடார் உள்ளிட்ட சாதிகளைச் சேர்ந்த பெண்கள் மார்பை மறைப்பதா வேண்டாமா என்பதை அவர்கள் தீர்மானிக்கவில்லை. அரசும் மேல்சாதியினரும் தீர்மானித்தார்கள். ரவிக்கை அணிந்த பெண்கள் சந்தையிலும் சாலையிலும் தாக்கப்பட்டார்கள், துணி கிழிக்கப்பட்டது. பல பத்தாண்டுப் போராட்டத்துக்குப் பிறகு 1859 ஜூலை 26 அன்று உத்திரம் திருநாள் மார்த்தாண்ட வர்மாவின் அரசு, நாடார் பெண்கள் மேலுடம்பை மறைக்கலாம் என்று அறிவித்தது. அதிலும் ஒரு நிபந்தனை: உயர்சாதிப் பெண்கள் உடுத்தும் விதத்தில் உடுத்தக் கூடாது.

என் உடம்பில் எதை யார் பார்க்கலாம் என்பதை நான் முடிவு செய்வேன் என்பதே அந்தப் பெண்கள் கேட்டது. அவர்கள் அதை மானம், மரியாதை என்று சொல்லியிருப்பார்கள். 2017 தீர்ப்பு கண்ணியத்தையும் உடல் மீதான உரிமையையும் பிரைவசிக்குள் வைத்தபோது இதைத்தான் சட்ட மொழியில் எழுதியது.

சட்டம் எப்படி வந்து சேர்ந்தது?

அமெரிக்காவில் 1890-ல் வாரன், பிராண்டைஸ் என்ற இரு வழக்கறிஞர்கள் எழுதிய கட்டுரையிலிருந்து இந்தக் கதையைத் தொடங்குவது வழக்கம். கையடக்கக் கேமராவும் கிசுகிசு பத்திரிகைகளும் பெருகிய காலம் அது. 'என்னைச் சும்மா விடு' என்பதும் ஓர் உரிமை என்று அவர்கள் வாதிட்டார்கள்.

இந்திய அரசியலமைப்பின் அடிப்படை உரிமைகளில் பிரைவசி என்ற சொல் இல்லை. 1954-ல் எட்டு நீதிபதிகளும் 1962-ல் ஆறு நீதிபதிகளும் விசாரித்த வழக்குகளில் அப்படி ஓர் உரிமை உறுதியாகவில்லை. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கு 1994-ல் திருப்பத்தைத் தந்தது. ஆட்டோ சங்கரின் சுயசரிதையை நக்கீரன் இதழ் வெளியிடுவது பற்றிய வழக்கு. ஒருவரின் திருமணம், குடும்பம் போன்றவற்றைச் சம்மதமின்றி வெளியிடக் கூடாது, ஆனால் நீதிமன்றப் பதிவு போன்ற பொது ஆவணங்களில் உள்ளதை வெளியிடலாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்டவரின் பெயர் போன்றவற்றுக்கு விலக்கும் தந்தது.

இந்தக் கோடு எவ்வளவு மெல்லியது என்பதைப் பாறசாலையே பார்த்திருக்கிறது. 2022-ல் ஓர் இளைஞர் விஷம் கொடுத்துக் கொல்லப்பட்ட வழக்கில், நெய்யாற்றின்கரை கூடுதல் செஷன்ஸ் நீதிமன்றம் 2025 ஜனவரி 20 அன்று மரண தண்டனை விதித்தது. தீர்ப்பு வருவதற்கு வெகு முன்பே அந்த இருவரின் வாட்ஸ்அப் உரையாடல்களும் படங்களும் டிவியிலும் யூடியூபிலும் சுற்றிவிட்டன. ஓர் உரையாடல் நீதிபதி முன் சாட்சியமாவது ஒன்று, இரவு எட்டு மணிக்கு நம் வீட்டில் பொழுதுபோக்காவது வேறொன்று. இறந்தவர் தன் பங்குக்குச் சம்மதமோ மறுப்போ சொல்ல முடியாது.

2017 ஆகஸ்ட் 24 அன்று புட்டசாமி வழக்கில் ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாகத் தீர்ப்பளித்தார்கள்: பிரைவசி அடிப்படை உரிமை. அதன் பிறகு கேரளத்திலேயே இரண்டு முக்கிய உத்தரவுகள் வந்தன. 2019-ல், மாலையில் போனை ஒப்படைக்கச் சொன்ன கோழிக்கோடு மாவட்டக் கல்லூரி விடுதியை எதிர்த்து ஒரு மாணவி தொடுத்த வழக்கு. இணையம் பயன்படுத்துவது கல்வி உரிமையிலும் பிரைவசி உரிமையிலும் சேரும் என்று கேரள உயர் நீதிமன்றம் சொன்னது. அந்த மாணவி எதையும் ஒளிக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். தன் நேரத்தைத் தானே நடத்தக் கேட்டார்.

அடுத்தது 2020. கொரோனா காலத்தில் களியக்காவிளையைக் கடக்க, தமிழக இ-பாஸ் ஒரு பக்கம், கேரளத்தின் கோவிட் ஜாக்ரதா பதிவு மறுபக்கம். பெயர், விலாசம், போன் நம்பர் எல்லாம் இரண்டு அரசுகளுக்கும் போயின. அதே சமயம் கேரள அரசு திரட்டிய நோய்த் தகவல்களை ஸ்பிரிங்க்ளர் என்ற அமெரிக்க நிறுவனம் கையாள்வது பெரும் சர்ச்சையானது. ஏப்ரல் 24 அன்று உயர் நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது: தகவல்களில் அடையாளத்தை நீக்கிய பிறகே நிறுவனம் தொட வேண்டும், மக்களிடம் விஷயத்தைச் சொல்லிச் சம்மதம் வாங்க வேண்டும்.

சொல் காணாமல் போன ஓரிடம்

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 8(1) பிரிவில், ஆங்கிலத்தில் 'ஜே' எழுத்திட்ட உட்பிரிவு ஒன்று உண்டு. தனிநபர் தகவலை எப்போது மறுக்கலாம் என்று சொல்வது அது. பொதுப் பணிக்குத் தொடர்பில்லாதது, அல்லது தேவையின்றி பிரைவசிக்குள் அத்துமீறுவது என்றால் மறுக்கலாம், பெரிய பொதுநலன் இருந்தால் கொடுக்கலாம் என்று இருந்தது. 2023-ன் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் அந்த வாசகத்தை வெட்டிவிட்டது. தனிநபர் தகவலா, மறுக்கலாம். அவ்வளவுதான். 2025 நவம்பரில் இந்த மாற்றம் அமலுக்கு வந்தது. 8(2) பிரிவின் பொதுநலன் விலக்கு இன்னும் இருக்கிறது என்று அரசு சொல்கிறது, இருக்கவும் செய்கிறது. ஆனால் 'அத்துமீறலா இல்லையா' என்று அதிகாரி எடைபோட வேண்டிய கட்டாயம் போய்விட்டது. ஒரு பஞ்சாயத்தில் யார் யாருக்கு வீடு ஒதுக்கினார்கள் என்று மனுப் போடுபவருக்கு, தரவை நம்பிப் பிழைக்கும் எங்களைப் போன்ற செய்தியாளர்களுக்கு, இது சின்ன விஷயம் இல்லை. தனிநபர் தகவல் எல்லாமே பிரைவசி ஆகிவிடாது.

உங்கள் கையில் என்ன இருக்கிறது?

ஆதார் நகல் கேட்கும் இடங்களில் கடைசி நான்கு எண்கள் மட்டும் தெரியும் 'மாஸ்க்டு' ஆதாரை ஆதார் ஆணையத்தின் தளத்திலிருந்தே எடுத்துக் கொடுக்கலாம். சிம் கார்டுக்கும் வங்கிக் கணக்குக்கும் ஆதாரைக் கட்டாயமாக்க முடியாது என்று 2018 செப்டம்பர் 26-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

எல்லைக்காரர்களுக்கு இன்னொன்றும் இருக்கிறது. புதிய தரவுச் சட்டப்படி, சம்மதம் கேட்கும் அறிவிப்பை ஆங்கிலத்திலோ அரசியலமைப்பின் எட்டாவது அட்டவணையில் உள்ள 22 மொழிகளில் ஒன்றிலோ படிக்கும் வாய்ப்பை நிறுவனம் தர வேண்டும். தமிழும் மலையாளமும் அதில் உண்டு. பாறசாலையில் இருந்துகொண்டு தமிழில் கேட்கலாம், களியக்காவிளையில் இருந்துகொண்டு மலையாளத்தில் கேட்கலாம். கொடுத்த சம்மதத்தைத் திரும்பவும் வாங்கிக்கொள்ளலாம், அதுவும் கொடுத்தபோது இருந்த அதே சுலபத்தில். இந்தப் பிரிவுகள் 2027 மே மாதம் அமலுக்கு வருகின்றன. அதன் பிறகு முதலில் நிறுவனத்திடம் புகார் கொடுக்க வேண்டும், தீராவிட்டால் தரவுப் பாதுகாப்பு வாரியத்திடம் போகலாம். தரவைப் பாதுகாக்கத் தவறிய நிறுவனத்துக்கு அபராதம் 250 கோடி ரூபாய் வரை போகலாம்.