விற்காத காஸெட்டுகள்

கென்னத் நெபுவே என்ற நைஜீரிய வியாபாரியிடம் வெற்று வீடியோ காஸெட்டுகள் விற்காமல் குவிந்து கிடந்தனவாம். கதை ஏதாவது பதிவு செய்தால் விலைபோகுமே என்று ஒரு படம் எடுத்தாராம். 1992ல் வந்த 'லிவிங் இன் பாண்டேஜ்' பிறந்த வரலாறாக இதைத்தான் எல்லோரும் சொல்கிறார்கள். கேட்க ரசமாக இருக்கிறது. எனக்குப் பூரண திருப்தி இல்லை.

அதற்கு முன்பும் அங்கே சினிமா உண்டு. ஹ்யூபர்ட் ஒகுண்டே என்ற நாடகக்காரர் 1979லேயே தம் யோருபா நாடகத்தைப் படமாக்கினார். ஆனால் பிலிமும் வெளிநாட்டுச் சரக்கு, அதைக் கழுவுவதும் வெளிநாட்டில். 1986ல் நைரா நாணயத்தின் மதிப்புச் சரிந்ததும் நாடகக் குழுக்களுக்கு அது எட்டாக் கனியாயிற்று. லாகோஸில் திருட்டுப் பயத்தால் இரவில் ஜனங்கள் கொட்டகைப் பக்கம் போவதும் குறைந்தது. நடிகர்கள் இருந்தார்கள், கதை இருந்தது, பார்க்க ஆசைப்பட்டவர்களும் இருந்தார்கள். ஆகவே அவர்கள் வீடியோ காமிராவை எடுத்தார்கள். கானாவிலும் 1987ல் வில்லியம் அகுஃபோ வீடியோவில் 'ஸினாபு' எடுத்திருந்தார். நெபுவேயே முதலில் யோருபா வீடியோப் படங்கள் எடுத்துப் பார்த்தவர்தான்.

அவர் செய்த விசேஷம் வேறு. அவர் கடைத்தெருவை அறிந்தவர். இக்போ மொழியில் எடுத்த படத்தைக் கொட்டகைக்காரர் தயவுக்குக் காத்திராமல் நேரே காஸெட்டாக விற்றார். லாகோஸின் இடுமோட்டா சந்தையில் ரேடியோ சாமானோடு கதையும் விலைக்குக் கிடைத்தது. வாங்கியவர்கள் வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு பார்த்தார்கள்.

நானும் பார்த்தேன். வெளிச்சம் போதாது, பேச்சு சில இடங்களில் தெளிவில்லை. ஆனால் பணத்துக்காக மனைவியைப் பலி கொடுத்தவன் முன் அவள் ஆவி வந்து நிற்கும்போது, இந்தக் குறையெல்லாம் எனக்கு மறந்தே போய்விட்டது. கோடி ரூபாய்ப் படங்களில் எத்தனையோ முறை தூங்கியிருக்கிறேன்!

இதற்கு ஒரு விலையும் இருந்தது. கள்ளப் பிரதி கிளம்புவதற்குள் விற்றாக வேண்டும். எனவே சில நாட்களிலேயே படப்பிடிப்பை முடித்தார்கள். முதல் போட்டவரும் விற்பவரும் ஒருவரே ஆனதால் எதை எடுப்பது, யார் நடிப்பது என்பதும் அவர் கைக்குப் போயிற்று. 2004ல், சம்பளம் அதிகம் கேட்கிறார்கள் என்று, முன்னணி நட்சத்திரங்கள் சிலரை இனிப் படத்தில் போடுவதில்லை என விற்பனையாளர்கள் கூடி முடிவு கட்டினார்கள். அப்படி விலக்கப்பட்டவர்களில் ஒருவர் ஜெனிவீவ் நாஜி. அவர் 2018ல் 'லயன்ஹார்ட்' என்று தாமே ஒரு படம் இயக்கினார். அதை நெட்பிளிக்ஸ் வாங்கிக்கொண்டது.