வாகனப் பறிமுதல் வழக்குகள் (இந்தியா)

குற்றத்துக்குப் பயன்பட்டது என்று கூறி அரசு எடுத்துக்கொண்ட வண்டியை மீட்க உரிமையாளர்கள் தொடுக்கும் வழக்குகள். வண்டியைத் தற்காலிகமாகக் காவலில் வைப்பது கைப்பற்றுதல். அதன் உரிமையையே அரசுக்கு மாற்றுவது பறிமுதல். செய்தித்தாள்கள் இரண்டையும் பறிமுதல் என்றே எழுதுவது வழக்கம். நீதிமன்றத்தில் வழக்கின் போக்கு பெரும்பாலும் இந்த வேறுபாட்டைப் பொறுத்தே அமைகிறது.

சட்ட அடிப்படை

கைப்பற்றிய வண்டியை வழக்கு முடியும்வரை யாரிடம் ஒப்படைப்பது என்று முடிவுசெய்யும் அதிகாரத்தைக் குற்றவியல் நடைமுறைச் சட்டம், 1973இன் 451, 457ஆம் பிரிவுகள் நடுவருக்கு அளித்தன. கடத்தலுக்குத் தனிச் சட்டங்கள் உண்டு. அத்தியாவசியப் பண்டங்கள் சட்டம், 1955 மாவட்ட ஆட்சியருக்கும், பல மாநிலங்களின் வனச் சட்டங்கள் வன அதிகாரிக்கும் பறிமுதல் அதிகாரம் தருகின்றன. கனிமங்கள் சட்டம், 1957இன் 21ஆம் பிரிவு அதை நீதிமன்றத்திடம் விடுகிறது. அத்தியாவசியப் பண்டங்கள் சட்டத்தில், கடத்தல் நடந்தது தனக்கும் தன் முகவருக்கும் வண்டியை வைத்திருந்தவருக்கும் தெரியாது, மூவரும் தக்க முன்னெச்சரிக்கையோடு இருந்தோம் என்று உரிமையாளரே நிரூபிக்க வேண்டும். ஓட்டுநருக்குத் தெரிந்திருந்தால் இந்த வாதம் நிற்காது.

தொடக்கக் காலம்

ஜூனாகத் சமஸ்தானச் சுங்க அதிகாரிகள் 1947இல் இரண்டு லாரிகளையும் ஒரு ஸ்டேஷன் வேகனையும் கைப்பற்றினர். பறிமுதல் ஆணைக்கு எதிரான மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே அவை உரிமை கோரப்படாத பொருள்களாக விற்கப்பட்டன. பின்னர் அந்த ஆணை ரத்தானபோது திருப்பித் தர வண்டி இல்லை. கைப்பற்றிய பொருளைப் பத்திரமாகக் காக்கும் கடமை அரசுக்கு உண்டு, தவறினால் அதன் விலையைத் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1967இல் தீர்ப்பளித்தது.

1978ஆம் ஆண்டின் 44ஆவது அரசியலமைப்புத் திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்து நீக்கி, 300அ பிரிவின்கீழ் வைத்தது. சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்னும் அந்தப் பிரிவே பிற்கால வழக்குகளுக்குப் பிடிமானமாயிற்று.

2002 தீர்ப்பு

காவல் நிலைய வளாகங்களில் வெயிலிலும் மழையிலும் துருப்பிடித்துக் கிடந்த வண்டிகளை மனத்தில் கொண்டு, சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் எதிர் குஜராத் மாநிலம் வழக்கில் 2002 அக்டோபர் 1 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பு வழங்கியது. கைப்பற்றிய பொருள்களை 15 நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் காவல் நிலையத்தில் வைத்திருக்கக் கூடாது. வண்டியைப் படமெடுத்து, பஞ்சநாமா (சாட்சிகள் முன் எழுதும் பதிவு) எழுதி, பிணைப்பத்திரமும் உத்தரவாதமும் பெற்று உரியவரிடம் விட வேண்டும். யாரும் கோராவிட்டால் ஏலம் விடலாம் என்று அது கூறியது. இன்றும் வண்டியை விடுவிக்கக் கோரும் மனுக்களில் பெரும்பாலும் மேற்கோள் காட்டப்படுவது இத்தீர்ப்பே.

தனிச் சட்டங்களின் இறுக்கம்

வனக் குற்றங்களில் போக்கு வேறாக இருந்தது. வன அதிகாரியின் பறிமுதல் நடவடிக்கை குற்ற வழக்கைச் சாராமல் தனித்து நிற்கும் என்று 1985இல் ஆந்திர வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் கூறியது. நடவடிக்கை முடியும் முன் அத்தகைய வண்டிகளைப் பொதுவாக விடுவிக்கக் கூடாது என்று 2000இல் கர்நாடக வழக்கில் எச்சரித்தது.

அண்மைக் காலம்

மத்தியப் பிரதேசத்தில் பசுவதைத் தடுப்புச் சட்டத்தின்கீழ்த் தொடரப்பட்ட வழக்கில் குற்றம் சாட்டப்பட்டோர் விடுதலையான பிறகும் லாரி பறிமுதல் செய்யப்பட்டது. 2022 மார்ச் 4 அன்று உச்ச நீதிமன்றம், இது 300அ பிரிவுக்கு முரண் என்று கூறி ஆணையை ரத்து செய்தது. பயணியிடம் ஹெராயின் சிக்கிய அசாம் லாரி வழக்கில், போதைப்பொருள் தடுப்புச் சட்டம் வண்டியை இடைக்காலமாக விடுவிப்பதைத் தடுக்கவில்லை என்று 2025 ஜனவரி 7 அன்று விளக்கியது.

குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497ஆம் பிரிவு, நீதிமன்றம் 14 நாளில் பொருள் விவர அறிக்கை தயாரித்துப் படமெடுக்கவும், அதன்பின் 30 நாளில் பொருளை என்ன செய்வதென ஆணையிடவும் கெடு விதிக்கிறது. 2002இல் தீர்ப்பு வழியாக வந்த நெறி இவ்வாறு சட்ட வாசகமாயிற்று.