தெருபோக்கும் உல்லமும்

முள் மிகுந்தது, சுவையும் மிகுந்தது என்று மலாய் மக்கள் போற்றும் மீன் தெருபோக். மலாக்காவிற்கு எதிர்க்கரையில், சுமத்திராவின் சியாக் ஆற்றுமுகத்திற்கு அருகே உள்ளது பெங்காலிஸ் தீவு. அதனை அடுத்த நீர்ப்பரப்பே இம்மீனுக்குப் பேர்போன இடமாகும். நிறைமதி, மறைமதி நாள்களில் ஓதம் பெருகும்போது, தெருபோக் திரள் திரளாக ஆற்றுமுகம் நோக்கிச் சென்று முட்டையிடும். அம்முட்டைப்பையை உப்பிட்டு விற்பது அக்கரையின் பழைய வாணிபம்.

இம்மீனையே தலைவனாக்கிப் பாடப்பட்டது 'ஷாயிர் இக்கான் தெருபோக்' என்னும் மலாய்ச் செய்யுள். மலாக்காக் கடலின் அரசனாகிய தெருபோக், நன்னீர்க் குளத்து இளவரசி புயு-புயுவின்மீது காதல் கொண்டு, படைதிரட்டிப் புறப்படுகிறான். புயு-புயு வேறன்று, நம் வயல்நீரில் வாழும் பனையேறிக் கெண்டையே! அவளோ அகப்படாமல் மரத்தின் உச்சியை அடைந்துவிடுகிறாள். மலாக்காவிற்கும் சியாக்கிற்கும் இடையே நேர்ந்த பூசலையே இக்கதை மறைத்துக் கூறுகிறது என்பாரும் உளர். அஃது எவ்வாறாயினும், கடல்மீன் நன்னீர்ப்பக்கம் நாடிச் செல்லும் இயல்பை உற்று நோக்கியவர் யாத்தது இது என்பதில் ஐயமில்லை.

1896 இல் டான் சாய் யான் புக்கிட் லிந்தாங்கில் ரப்பர் பயிரிட்ட பின்னர், மலாக்காத் தோட்டங்களுக்குத் தமிழர் வந்து சேர்ந்தனர். அவர்களுள் காவிரிக் கரையினர்க்கு இவ்வியல்பு புதிதன்று. தெருபோக்கின் நெருங்கிய இனமாகிய உல்லம், புதுவெள்ளத்தை எதிர்த்துக் காவிரியிலும் கொள்ளிடத்திலும் ஏறி வந்த மீன். 1836 இல் ஆர்தர் காட்டன் கொள்ளிடத்தின் குறுக்கே அணை கட்டினார். வயல் செழித்தது, மீனின் வழி அடைபட்டது. பிரான்சிஸ் டே என்னும் மீனியல் அறிஞர் 1873 ஆம் ஆண்டு அறிக்கையில் அணைகளால் விளையும் இக்கேட்டை எடுத்துரைத்தார். கேட்டவர் சிலரே. 1934 இல் மேட்டூர் அணை முடிந்தபின் வெள்ளமே கட்டுப்பட்டது. காவிரியின் உல்லமும் அருகிவிட்டது.

வடபசிபிக் ஆறுகளில் ஏறும் சால்மன் முட்டையிட்டபின் மடியும். கரடிக்கு உணவாகி, கரைமரங்களுக்கு உரமாகி, கடலின் வளத்தைக் காட்டிற்குச் சேர்க்கும். உல்லமும் தெருபோக்கும் அவ்வாறு ஒருமுறையோடு மடிவனவல்ல, மீண்டு வரவல்லவை. ஆயினும் தெருபோக்கை வாட்டியது வலை. இம்மீன் முதலில் ஆணாக வளர்ந்து, ஏறத்தாழ ஓராண்டிற்குப் பின்னரே பெண்ணாக மாறும். ஆகவே முட்டைக்காகப் பிடிபட்டவை யாவும் வளர்ந்து முதிர்ந்த மீன்களே. அவை குறையவே இனமும் குறைந்தது. இந்தோனேசிய அரசு 2011 இல், ஆகஸ்டு முதல் நவம்பர் வரை நிறைமதி, மறைமதியை ஒட்டிய நாள்களில் பெங்காலிஸ் பகுதியில் இதனைப் பிடிக்கலாகாது என்று ஆணையிட்டது. வலைஞர் முட்டைமீனைத் தேடிப் படகேறிய நாள்களும் அவையே.