குளம் யாருடையது?

வில்லியனூரிலோ பாகூரிலோ ஒரு மனை வழக்குக்குப் போகட்டும். தீர்ப்புக்கு முன்பே விளக்கு அணையும், குழாய் அடைபடும். "நிலமே வழக்கில் இருக்க, நீர் எதற்கு?" என்பார் கைவலுத்தவர். இவ்வாதத்தை நாம் முன்பே கேட்டிருக்கிறோம்.

பம்பாய் மாகாணத்து மகாடு நகரின் சவுதார் குளத்தை 1924இலேயே நகராட்சி அனைவர்க்கும் திறந்துவிட்டது. ஏட்டில் மட்டும்! 1927 மார்ச் 20இல் அம்பேத்கர் தம் மக்களோடு சென்று அந்நீரை அள்ளிப் பருகினார். மாடு குடித்தால் கெடாத குளம் மனிதன் குடித்ததும் கெட்டுவிட்டதாம். சாணமும் கோமியமும் ஊற்றித் 'தூய்மை' செய்தனர் மேற்சாதியினர். என்னே அறிவு! சாத்திரம் போதாதென்று சொத்துரிமையையும் துணைக்கழைத்தனர்: குளம் தனியாருடையது என வழக்கிட்டு, அவ்வாண்டு டிசம்பரில் இடைக்காலத் தடையும் பெற்றனர். 1937 மார்ச் 17இல்தான் பம்பாய் உயர்நீதிமன்றம் அவர்தம் முறையீட்டைத் தள்ளியது. பத்தாண்டு! தாகம் தவணை கேட்குமா?

2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 43ஆம் பிரிவு, உரிமையாளர் கேட்டாலும் குடியிருப்பவர் கேட்டாலும் மின்சாரம் தருக என்கிறது. அது புதுவைக்கும் பொருந்தும். வீட்டுக்காரர் இசைவுச் சீட்டுத் தரவில்லை என்பதற்காகக் குடியிருப்பவருக்கு மின்சாரம் மறுக்கலாகாது, விண்ணப்பித்தவர் அங்கு வாழ்கிறாரா என்று மட்டும் பார்த்தால் போதும் என்று 2022இல் உச்சநீதிமன்றமும் உரைத்தது.